புறா விரட்டிய பாட்டுகள்

காய்ந்த துணியை எடுக்க பால்கனிக்குப் போனவள் அப்படியே நின்றுவிட்டாள். கம்பி முழுக்க அவளுடைய சிடிகள் நூலில் தொங்கிக்கொண்டிருந்தன. நூல் நழுவாமலிருக்க ஒவ்வொன்றின் முதுகிலும் டேப் வேறு.

"புறாத் தொல்லை தாங்கல. இது மின்னினா கிட்ட வராது" என்றான் புருஷன், உள்ளே இருந்தபடியே.

அச்சகத்தில் காகிதம் மடிக்கும் இயந்திரத்தின் இரைச்சலிலேயே பாதி ஆயுளைக் கழித்ததில் அவளுக்குக் காது மந்தமாகிவிட்டது. கீச்சென்ற மெல்லிய ஒலிகள்தான் முதலில் போகும், இன்னும் போகும் என்று டாக்டர் கைவிரித்திருந்தார். இருக்கிறவரைக்குமாவது முழுசாகக் கேட்டுவிடலாம் என்றுதான், கல்லூரி நாளிலிருந்து சேர்த்த பாப் சிடிகளை ஒலி துளியும் குறையாத லாஸ்லெஸ் கோப்புகளாகக் கணினியில் ஏற்றிக்கொண்டிருந்தாள். பாதிதான் முடிந்திருந்தது.

"யாரைக் கேட்டு எடுத்தீங்க?"

"எல்லாத்தையும் எம்பி3 ஆக்கிட்டுத்தான் எடுத்தேன். ஒரே மத்தியானத்துல வேலை முடிஞ்சுது. நீ ஒண்ணொண்ணா வச்சுக்கிட்டு மாரடிச்சிட்டிருந்தே."

"அது சுருக்குனது. சத்தத்துல பாதியைக் கழிச்சிருக்கும்."

அவன் சிரித்தான். "உனக்கே பாதிதான் கேக்குது. அதுல எது போனா என்ன?"

அவளுக்குச் சுர்ரென்று கோபம் உச்சந்தலைவரை ஏறியது. வாயைத் திறந்தால் என்ன வருமோ என்று பயந்து கத்தரிக்கோலை எடுத்தாள். நூல்களை அறுத்து, எச்சத்தைக் கழுவி, ஒவ்வொன்றாகக் கணினியில் போட்டாள். கீறல் விழுந்தவைகூட முக்கி முனகி ஏறிவிட்டன. அவளுக்கு உயிரான ஒன்று மட்டும் ஏறவில்லை. டேப்பை உரித்தபோது முதுகின் வெள்ளிப் பூச்சும் சேர்ந்து வந்திருந்தது. பாட்டு அந்தப் பூச்சில்தான் இருந்தது.

அந்தப் பாட்டில் மிச்சம் அவன் எடுத்த எம்பி3 மட்டும்தான். ஹெட்போனை மாட்டிப் போட்டாள். பல்லவிக்கு முன்னால் சிலிர்த்து எழும் சிணுங்கல் ஒன்று உண்டு. வரவில்லை. தேய்ந்தது பாட்டா, தன் காதா? திரும்பத் திரும்பக் கேட்டும் அவளால் சொல்ல முடியவில்லை. அந்தச் சந்தேகத்தைத் தன் தலையில் கட்டிவிட்டானே என்றுதான் வயிறு எரிந்தது.

"இங்க வாங்க."

வந்தான். ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கிவிட்டு, அவன் கண்ணெதிரிலேயே அந்தக் கோப்பை அழித்தாள்.

"இருந்த ஒண்ணையும் ஏன்டி அழிச்சே?"

"எனக்கு எது கேக்குது, எது கேக்கலன்னு நான் சொல்லுவேன். நீங்க சொல்லாதீங்க."

அவன் ஏதோ முணுமுணுத்தான். அவள் ஹெட்போனை மறுபடி காதில் ஏற்றிக்கொண்டாள்.