மாதா நின்ற குழி

அன்று காலை பேஸ்மன்ட்டில் நின்றவர்கள் நால்வர்: நான், என் மனைவி பிலோமினம்மா, மகன் றொசான், அங்கே வாடகைக்கு இருந்த றோசா. கணுக்கால்வரை தண்ணீரும் நின்றது. டோர்வல் விமான நிலையத்தில் விமானங்களுக்குச் சாப்பாடு கட்டும் இரவு வேலை முடித்து வந்த றோசா, கோட்டைக்கூடக் கழற்றாமல் தன் மெத்தையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அது தண்ணீர் குடித்து ஊதிக் கிடந்தது.

றொசான் வெளியே போய், அவளுடைய யன்னலுக்கு முன்னால் இருந்த குழியை எட்டிப் பார்த்தான். நிலத்துக்குக் கீழே இருக்கும் அறைக்கு வெளிச்சம் வரவென்று தோண்டி, அரைவட்டமாகத் தகரம் வளைத்த குழி.

"அப்பா, உதுக்குள்ள கிடந்த கல்லெல்லாம் எங்க? அடியில தண்ணி போற ஓட்டை ஒண்டு இருந்ததெல்லோ?"

"சிலை சரியாமல் நிக்க வேண்டாமே?" என்றேன்.

போன இலையுதிர்காலத்தில் அந்த வளைவு எனக்கு மாதா சிலை நிற்கும் குகைபோல, கெபியாகவே தெரிந்தது. இந்தத் தெருவில் மாதாவுக்குக் கெபி வைத்த வீடு எங்களுடையதுதான் என்று பெயர் வரட்டும் என நினைத்தேன். கல்லை அள்ளிவிட்டுச் சீமெந்து ஊற்றி, அதன்மேல் மடு மாதா சிலையை நிறுத்தினேன். குழியை மூடியிருந்த பிளாஸ்ரிக் மூடியையும் கழற்றினேன். "அதை விடுங்கோ ஐயா, மழை இறங்கும்" என்று றோசா அப்போதே சொன்னாள். "மாதாவுக்கு மூடி போடுறதோ பிள்ளை?" என்று கேட்டு அவள் வாயை அடைத்துவிட்டேன். இப்போது ஏப்ரல். பனி உருகி, அதற்கு மேல் மழையும் கொட்டி, குழி நிறைந்து யன்னலால் உள்ளே வழிந்திருந்தது.

"மாதாவுக்கு இடுப்பளவு தண்ணியப்பா. நீச்சல் பழக்கிறியளோ?" என்று றொசான் மேலேயிருந்து சிரித்தான்.

பிலோமினம்மாவின் தொலைபேசி அடித்தது. அன்று மாலை எங்கள் வீட்டில் செபமாலை சொல்ல வரவிருந்த, எங்கள் கோயில் பங்குப் பெண்களில் ஒருத்தி.

"இண்டைக்கு வேண்டாமக்கா. கீழ இருக்கிற பிள்ளை குழாயைப் பூட்டாமல் வேலைக்குப் போட்டுது. ஒரே வெள்ளம்."

றோசா என்னைப் பார்த்தாள்.

"ஐயா?" என்று மட்டும் கேட்டாள்.

எங்கள் குடும்பத்தில் பொய்க்கு இடமில்லை என்று பங்கு முழுக்கச் சொல்லித் திரிகிறவன் நான். குனிந்து வாளியை எடுத்துத் தண்ணீர் அள்ளத் தொடங்கினேன்.

மத்தியானமே அவள் ஒரு சிநேகிதி வீட்டுச் சோபாவுக்குப் போய்விட்டாள். றொசான் சீமெந்தை இடித்தெடுத்துப் புதுக் கல் போட்டான், மூடியையும் பூட்டினான். மாதா வரவேற்பறைக்கு வந்தா. செபம் சொல்லும்போது அவவின் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. பாதத்தில் ஒட்டியிருந்த சீமெந்துத் துண்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஞாயிறு பூசை முடிந்து கோப்பிக்கு நின்றபோது எங்கள் பங்கைச் சேர்ந்த மரியதாசன் பக்கத்தில் வந்தார்.

"அண்ணை, றோசா எங்கட கீழ் அறையைக் கேக்கிறா. குழாயைத் திறந்துவிட்டிட்டுப் போற ஆளாம் எண்டு சனம் கதைக்குது. என்ர மனிசி வேண்டாமெண்டு நிக்கிறா."

பிலோமினம்மா பின்னாலிருந்து என் கோட்டை இழுத்தாள். வரிசையில் நின்றவர்கள் எங்கள் பக்கம் திரும்பினார்கள்.

"குழாய் பூட்டித்தான் இருந்தது," என்றேன். "தண்ணி போற ஓட்டையைச் சீமெந்து ஊத்தி அடைச்சது நான்."