வாய்தா நாள்

வலது கை வரவில்லை. பக்கத்து வீட்டுப் பார்த்தசாரதி இரண்டு கட்டைவிரல்களையும் சேர்த்துக் கட்ட மூன்றாவது முறையாக முயன்றார். வேம்புலியின் இடது கை வைத்த இடத்தில் மார்பின்மேல் கிடந்தது. வலது கை முழங்கையில் கோணி, விலகியே நின்றது.

“வெறச்சிக்கறதுக்குள்ள கட்டணும்மா,” என்றார் சொர்ணத்திடம். “சட்டையும் மாட்டணும்.”

சட்டை ஆணியில் தொங்கியது. இன்று பூந்தமல்லி கோர்ட்டுக்குப் போட்டுக்கொள்ள நேற்று அவள் இஸ்திரி போட்டது. விடியற்காலையில் பல் விளக்கப் போன புருஷன் குழாயடியில் உட்கார்ந்தார். எழுந்திருக்கவில்லை.

கை அப்படி ஆனது எண்பத்தொன்பதில். இரண்டு வருஷம் ஆகிறது. சுவர்த் தகராறில் அவர் தம்பி வீராசாமி சவுக்குக் கட்டையால் அடித்தான். சொர்ணம் வாசலில் நின்றிருந்தாள். பார்த்த சாட்சி அவள் ஒருத்திதான். அம்பத்தூரில் லேத் ஓட்டியவர் அப்புறம் அதே கம்பெனி கேட்டில் வாட்ச்மேன் ஆனார்.

வாய்தாவுக்கு வாய்தா அண்ணனும் தம்பியும் சேக்காட்டிலிருந்து ஒரே பஸ்ஸில்தான் போக வேண்டியிருந்தது. எந்த வாய்தாவில் பேச ஆரம்பித்தார்கள் என்று அவளுக்குத் தெரியாது. போன மாதம், “ராஜி ஆயி கேஸ முடிச்சிக்கலாம்னு கீறேன் சொர்ணம்,” என்றார் வேம்புலி. அதை இன்று ஜட்ஜிடம் சொல்வதாக இருந்தது.

“உன் கைய்யா. நீ ராஜி ஆயிக்க. என்னிய கேக்காத,” என்று அப்போது சொல்லியிருந்தாள்.

வீராசாமி இப்போது படலுக்கு வெளியே நின்றான். உள்ளே வரவில்லை. எட்டு மணிக்கு வந்த, அவன் வக்கீலின் குமாஸ்தா பாஸ்கல் அவனிடம் பேசியது அவளுக்குக் கேட்டது.

“பத்தரைக்குப் பேர் கூப்புடுவாங்க. வர்லன்னா வாரண்டு.”

“போடட்டும் சார். அண்ணன வுட்டுட்டு எங்க வர்றது?”

பாஸ்கல் செருப்பைக் கழற்றிவிட்டு அவளிடம் வந்தார்.

“இந்த நேரத்துல கேக்கக் கூடாது. அவரு போயிட்டதால இனிமே நீங்கதாம்மா வந்து ராஜின்னு சொல்லணும். ஜட்ஜு ஒத்துக்கினா முடிஞ்சிடும். இல்லன்னா கேஸ் நடக்கும். உங்களத்தான் கூண்டுல ஏத்துவாங்க.”

“இன்னா ராஜி?” என்றாள் சொர்ணத்தின் அக்கா வடிவு. “புள்ள இல்லன்னு, ஒடச்சவன் கையாலயே கொள்ளியும் வாங்கணுமா? உள்ள போனாத்தான் புத்தி வரும். சொல்லுடி.”

சொர்ணத்துக்கு அழுகை வரவில்லை. கோபமும் வரவில்லை. காலையில் அவர் குளிக்க வெந்நீர் வைத்தோமா என்ற நினைப்பு மட்டும் வந்து வந்து போனது.

“அந்தாளக் கூப்புடுங்க,” என்றாள் பார்த்தசாரதியிடம். “அவுரு கட்டட்டும்.”

அந்தக் கையோடு அவன் திணறுவதை எல்லாரும் பார்க்கட்டும் என்றுதான் கூப்பிட்டாள்.

வீராசாமி வந்து மண்டியிட்டான். சட்டையை எடுத்தான். அதன் வலது கையை அவள் நீளவாக்கில் பிரித்து ஆறு பிரஸ் பட்டன் வைத்துத் தைத்திருந்தாள். மணிக்கட்டில் இருக்கும் கடைசிப் பட்டனை மட்டும் அவர் போடவிட மாட்டார். இறுக்குகிறது என்பார்.

அவன் முழங்கையை முதலில் தூக்கினான். உள்பக்கமாக மெல்லத் திருப்பினான். மணிக்கட்டு தானாக வந்தது. அந்த வழி தனக்கு மட்டும்தான் தெரியும் என்று அவள் நினைத்திருந்தாள். என்றைக்காவது கோர்ட்டுக்குப் போகிற வழியில் மழையில் நனைந்து, இவன் சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டிருப்பானோ? அவர் ஒன்றும் சொன்னதில்லை.

டிக், டிக் என்று மேலிருந்து பட்டன்களை அழுத்திக்கொண்டே வந்தான். ஐந்தோடு நிறுத்தினான்.

வடிவு வாயெடுத்தாள். சொர்ணம் பாஸ்கலைப் பார்த்தாள்.

“இன்னிக்கு வாய்தா வாங்கிடுங்க சார்.”

“சரிம்மா. அடுத்த தேதிக்கு நீங்க வந்து ராஜின்னு...”

“வரேன். எத்தினி மணி பஸ்ல போவாங்க, ரெண்டு பேரும்?”

பாஸ்கல் வீராசாமியைப் பார்த்தார்.

“எட்டே கால் பஸ்ஸு அண்ணி,” என்றான் வீராசாமி, நிமிராமல்.

கட்டைவிரல்களைச் சேர்த்து முடிச்சுப் போட்டான். சட்டையின் கைமுனை மணிக்கட்டில் திறந்தே கிடந்தது.