தண்ணீர் பழகும்வரை

லிஃப்ட் மெக்கானிக்குக்கு உடன் வேலை பார்ப்பவர்கள் வைத்த பெயர் 'அவசரம்'. பொருத்தமான பெயர்தான். மனுஷன் சாப்பிட்டுக்கொண்டே செருப்பைத் தேடுகிற ரகம். அப்பேர்ப்பட்ட ஆளை ஒரு கண்ணாடித் தொட்டி ஆட்டி வைத்தது.

தொட்டியில் மணல் இருந்தது, செடி இருந்தது, மோட்டார் குமிழி விட்டது. மீன்தான் இல்லை. ஞாயிற்றுக்கிழமை மகள் வருகிறாள். அவரும் அவள் அம்மாவும் பிரிந்த பிறகு இந்த வீட்டுக்கு வருவது இதுதான் முதல் தடவை. அதுவும் போனிலேயே கறாராகச் சொல்லிவிட்டாள்: "மீனைப் பாத்துட்டு சாயந்திரமே கிளம்பிடுவேன்ப்பா." லீவு முழுக்க அவள் இங்கேயே இருக்க மாட்டாளா என்று அவருக்கு ஏக்கம். மீனைப் பார்த்தாலாவது மனசு மாறாதா?

பழைய வீட்டில் தொட்டி வாங்கிய அன்றைக்கே மீனையும் கொண்டுவந்து விட்டார். சில நாளிலேயே எல்லாம் மல்லாந்து மிதந்தன. "நீங்க எதுக்குத்தான் பொறுமையா இருந்திருக்கீங்க?" என்று மகள் அழுதாள். மீனுக்காக மட்டும் கேட்டதாக அவருக்குப் படவில்லை.

அதனால் இந்தத் தடவை வளர்ப்பு மீன் விற்கிற கடைக்காரம்மா சொன்னபடியே செய்தார். தினமும் ஒரு சிட்டிகை தீனியைப் போட்டு அழுக விட்டார். அதில் ஊறும் விஷத்தைத் தின்கிற நல்ல கிருமிகள் மோட்டார் பஞ்சில் குடியேற வேண்டுமாம். வேலைக்குப் போகிற வழியில் பாட்டிலில் தண்ணீர் கொண்டுபோவார். அந்தம்மா சொட்டு மருந்து விட்டுப் பார்ப்பார். பச்சையானால் விஷம், மஞ்சளானால் மீன் விடலாம்.

"இன்னும் பச்சைதான் சார். போயிட்டு வாங்க."

அவருக்குப் பற்றிக்கொண்டு வரும். லிஃப்டில் மாட்டினவனை இழுத்துப் போடுகிற கை, இங்கே செய்ய ஒன்றுமில்லாமல் தவித்தது.

வெள்ளிக்கிழமை மஞ்சள் வந்தது! "நாளைக்கும் இப்படியே இருந்தா மீன் தர்றேன்" என்றார் அந்தம்மா. துள்ளிக்கொண்டு வீட்டுக்கு வந்தால், வாசலில் அக்கா.

"புள்ள வர்ற நேரத்துல என்னடா தம்பி இது? பஞ்செல்லாம் ஒரே சேறு! சோப்புப் போட்டு அலசி, தண்ணியையும் மாத்திட்டேன். பாரு, பளிச்சுனு இருக்கு!"

அவர் தலையில் கைவைத்து உட்கார்ந்தார். "நல்லா இருப்பக்கா நீ" என்றார். வேறு என்ன சொல்ல?

மறுநாள் நடந்ததைக் கேட்டுக் கடைக்காரம்மா உதட்டைப் பிதுக்கினார். "நல்ல கிருமியெல்லாம் போச்சு சார். முதல்லேர்ந்து ஆரம்பிங்க." யாரிடமும் எதுவும் கேட்காமல் மீன் விற்கிற கடை ஒன்று எதிரிலேயே இருந்தது. அங்கே போய் மீன் பையைக் கையிலும் வாங்கிவிட்டார். உள்ளே குட்டி மீன்கள் வாயைத் திறந்து திறந்து மூடின. பழைய அழுகை காதில் கேட்டது. பையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, தன்னையே திட்டிக்கொண்டு நடந்தார்.

ஞாயிறு காலை மகள் பையைக்கூடக் கீழே வைக்காமல் தொட்டியை எட்டிப் பார்த்தாள். "மீன் எங்கப்பா?"

"இல்லம்மா. அத்தை தெரியாம பஞ்சைக் கழுவிட்டா. மறுபடி முதல்லேர்ந்து ஆரம்பிச்சிருக்கேன். இப்ப மீன் விட்டா செத்துடும். எத்தனை நாளாகும்னு தெரியல."

அவள் கிளம்பிவிடுவாள் என்றுதான் நினைத்தார். அவளோ அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பையைக் கட்டில்மேல் போட்டுவிட்டு அம்மாவுக்குப் போன் செய்தாள்.

"அம்மா, சாயந்திரம் வராதீங்க. மீனைப் பாத்துட்டுத்தான் வருவேன்... தெரியலம்மா, நாளாகும். அப்பா பொறுமையா இருக்காரும்மா, நிஜமா!"