தெரியாதவை முந்நூற்றுப் பன்னிரண்டு

எங்கள் ஆஸ்பத்திரிக் கணினியில் ஆயிரத்து நானூறு பகிர்வுக் கோப்புகள் இருந்தன. அவற்றை வகைபிரித்து முடித்தால்தான் எனக்கு விடுவிப்புக் கடிதம் என்று மேலாளர் சொல்லிவிட்டார். எதைக் கேட்டாலும் "ஆகட்டும், பார்க்கலாம்" என்பதால் அவருக்கு ஆகட்டும் சார் என்றே பெயர். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் ஆள் கறார்.

பகிர்வுக் கோப்பு ஒன்றும் பெரிய ரகசியமில்லை. ஆறு குடித்தனத்துக்கு ஒரே குழாய் மாதிரி. பதிவு, ரத்தப் பரிசோதனை, மருந்துக்கடை என்று எல்லா நிரல்களும் தேதி போடவும் அச்சடிக்கவும் ஒரே கோப்பிடம் வந்து நிற்கும். எந்தக் குழாயில் யார் பிடிக்கிறார்கள் என்பதுதான் பத்து வருடமாக யாருக்கும் தெரியாது. பட்டியலில் மூன்று வகை: தேவை, தேவையில்லை, தெரியாது. தேவை என்றால் எந்த நிரலுக்கு என்று பக்கத்திலேயே எழுத வேண்டும். மூன்றாவது வகை காலியானால் நான் போகலாம்.

நான் போயே ஆக வேண்டும். கணவரும் ஏழு வயது மகளும் இருக்கும் ஊரிலேயே வேலை கிடைத்திருந்தது. திங்கட்கிழமை கடிதத்தோடு போய்ச் சேராவிட்டால் அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிடுவார்கள். இரண்டு வருடமாக என் பெண்ணை நான் போனில்தான் வளர்க்கிறேன்.

ஜன்னல் இல்லாத கணினி அறையில், ஏசிக் குளிருக்குச் சால்வையைப் போர்த்திக்கொண்டு ஒன்றரை மாதம் உட்கார்ந்தேன். முந்நூற்றுப் பன்னிரண்டு கோப்புகள் மட்டும் அடம்பிடித்தன. சில நிரல்கள் தமக்கு வேண்டியதை முன்கூட்டியே சொல்லிவிடும். சிலது வாயே திறக்காது, ஓடும்போது திடீரென்று கேட்கும். அதனால் ஒரு வழி கண்டுபிடித்தேன். தினமும் கொஞ்சம் கோப்புகளை வேறு இடத்துக்கு நகர்த்தி வைப்பேன். இரண்டு நாள் யாரும் கத்தாவிட்டால் 'தேவையில்லை'. ஒருத்தரும் கத்தவில்லை. என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை நாலரை மணிக்குக் கடிதம் கைக்கு வந்தது. பையில் வைத்துக்கொண்டு வாசலைத் தாண்டும்போது பரிசோதனைக் கூடத்து அக்கா ஓடி வந்தார்.

"ஒரு நிமிஷம்மா! ரிப்போர்ட் அடிக்கிற புரோகிராம் மெதுவா இருக்கேன்னு மூடித் திறந்தேன். இப்போ திறக்கவே மாட்டேங்குது."

"இதுக்கு முன்னாடி எப்பக்கா மூடுனீங்க?"

"நாங்க எங்கம்மா மூடுறோம்? மூணு மாசமா ஓடிக்கிட்டேதான் இருக்கு."

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. ஒருமுறை வாங்கிய கோப்பை நிரல் தன் நினைவகத்திலேயே வைத்துக்கொள்ளும். அதன்பிறகு கோப்பை எங்கே நகர்த்தினாலும் அதற்கு உறைக்காது. மூடித் திறக்கும்போதுதான் தேடும். எதையுமே மூடாத ஆஸ்பத்திரியில், யாராவது கத்துவார்கள் என்று இரண்டு நாள் காத்திருந்த மேதாவி நான். இந்த ஞாயிற்றுக்கிழமை 'தேவையில்லை' எல்லாவற்றையும் அழித்துவிட்டு, கணினியை அணைத்துத் திறப்பதாக ஏற்பாடு. அதன்பிறகு எந்த நிரல் கேட்டாலும் திரும்ப வைக்கக் கோப்பே இருக்காது.

திரும்பிப் போய், அந்த நிரல் கேட்ட கோப்பைப் பழைய இடத்தில் வைத்தேன். ரிப்போர்ட் வந்தது.

"நல்லவேளை, நீ போகல" என்றார் அக்கா.

மீதி முந்நூற்றுப் பதினொன்று. ஆறு மணிக்குப் பேருந்து. வாயை மூடிக்கொண்டு ஏறிவிடலாம் என்று நினைத்தேன், பொய் சொல்ல மாட்டேன். கூடத்து மேஜையில் யார் யாருடைய ரத்தமோ குழாய் குழாயாக வரிசையில் நின்றது. எல்லாவற்றிலும் பெயர் ஒட்டியிருந்தது. என் மேலேயே எரிச்சல் எரிச்சலாக வந்தது. மாடி ஏறினேன்.

"சார், பட்டியல் தப்பு. மீதி முந்நூத்திப் பதினொண்ணையும் மறுபடி பார்க்கணும்."

"எத்தனை நாளாகும்?"

"மூணு வாரம். நான் அங்க சேர்ந்துட்டு, ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை வந்து முடிச்சுத் தர்றேன் சார்."

"ஆகட்டும், பார்க்கலாம்" என்றார் ஆகட்டும் சார். சொல்லிக்கொண்டே கையை நீட்டினார். கடிதத்தை எடுத்துக் கொடுத்தேன். மேஜை டிராயரில் வைத்துப் பூட்டினார்.

கணினி அறைக்குள் போனதும் போன் அடித்தது. மகள்.

"அம்மா, பஸ் ஏறிட்டியா?"

"இல்லடா கண்ணு. இன்னும் கொஞ்சம் வேலை இருக்கு."

"அப்ப எப்ப வருவ?"

"தெரியலம்மா."

அவள் அப்பாவிடம் சொல்வது கேட்டது.

"அம்மா வரலையாம்ப்பா."