ஆறாவது விலா

ஐந்து விலா எலும்புகள் சொன்னபடி கேட்டன. ஆறாவது மட்டும் அடம்பிடித்தது.

கல்லூரியில் அவரை எலும்புக்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். எலும்புகளைச் சுத்தம் செய்து, எண் போட்டு, கம்பியில் கோத்து முழுக்கூடாக நிறுத்துவது அவர் வேலை. பதினோரு வருடமாகத் தற்காலிகம்தான். இந்தக் கூடு மத்தியானத்துக்குள் நின்றுவிட்டால் நிரந்தரத்துக்கு எழுதுகிறேன் என்று துறைத்தலைவர் டாக்டரம்மா வாக்குக் கொடுத்திருந்தார்.

விலாவின் தலை, முதுகுத்தண்டில் தன் எண்ணுள்ள முள்ளெலும்பின் குழியிலும் அதற்கு மேலே உள்ளதிலும் பாதிப்பாதி உட்கார வேண்டும். இதுவோ கீழ்ப்பக்கம் ஒட்டாமல் துருத்திக்கொண்டு நின்றது. திருப்பிப் பார்த்தார், கம்பியை இறுக்கிப் பார்த்தார். ம்ஹூம். நாலாவது தடவை அவருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அரத்தை எடுத்து அந்தத் தலையைத் தேய்த்துவிட்டார். கொஞ்சம்தான். பிறகு இன்னும் கொஞ்சம்.

அந்த நேரம் பார்த்து மனைவியின் போன். கூரியர்காரர் மறுபடியும் ஒன்பதாம் நம்பர் வீட்டுக்குப் போய்விட்டாராம். கதவிலிருந்த 6-இன் மேற்பக்க ஆணி கழன்று விழுந்து, எண் தலைகீழாகத் தொங்கி ஒரு மாதமாகிறதாம்.

"ஒரு ஆணி அடிக்க நேரமில்ல உங்களுக்கு. ஊரார் எலும்புக்கெல்லாம் நம்பர் போடுறீங்க."

போனைப் பிடித்தபடியே ஆறாவது முள்ளெலும்பின் எண்ணைத் தலை சாய்த்துப் பார்த்தார். விலாக்களை நீளம் பார்த்து வரிசைப்படுத்தியிருந்தார். முள்ளெலும்புகளை எண்ணை மட்டும் நம்பிக் கோத்திருந்தார். ஆறாவது இடத்தில் இருந்தது, தலைகீழாகப் படித்த 9. அடியில் கோடு போடாமல் விட்ட மகா புத்திசாலி யார்? சாட்சாத் அவரேதான்.

கம்பியை உருவி 6, 9 முள்ளெலும்புகள் இரண்டையும் இடம் மாற்றினார். இப்போது குழி சரி, உட்கார அரம் தின்ற தலைதான் போதவில்லை. நகம் நுழையும் அளவுக்கு இடைவெளி. மெழுகால் மூடிவிடலாமா என்று கை பரபரத்தது. எடுத்தவர் கீழே வைத்துவிட்டார்.

டாக்டரம்மா வந்து விலாக்களை மேலிருந்து தடவிக்கொண்டே வந்தார். ஆறில் விரல் நின்றது.

"இதுல அரம் வச்சது யாரு?"

"நான்தாங்கம்மா. எலும்பு சரியாத்தான் இருந்துச்சு. நான் போட்ட நம்பர நானே தப்பா படிச்சுட்டேன்."

டாக்டரம்மா கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. அடுத்த வருடம் பார்க்கலாம் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

சாயங்காலம் எலும்புக்காரர் வாசலில் நின்று ஆணி அடித்தார். மேலே ஒன்று, கீழே ஒன்று. அப்புறம் பேனாவை எடுத்து 6-க்கு அடியில் அழுத்திக் கோடு போட்டார். மனைவி கதவைப் பிடித்துக்கொண்டு கேட்டாள், அந்த நிரந்தரம் என்னாயிற்று என்று.

"அதுவும் ஒன்பதாம் நம்பருக்குப் போயிடுச்சு" என்றார்.