சாத்திய கதவு

எழுபத்து நாலு ஐப்பசியில் என் அக்கா வீட்டுக்காரர் மாணிக்கவேல் மாமா லீவில் வந்தார். கடற்படையில் பத்து வருஷம் முடியப் போகிறது. அதில் கடைசி ஐந்து வருஷம் நீர்மூழ்கிக் கப்பல். நீட்டித்தால் மறுபடி விசாகப்பட்டினம். வேண்டாமென்றால் விருத்தாசலம், பீங்கான் சூளை. அக்கா அம்சவல்லி இங்கேயே இருக்கச் சொன்னாள். நான் வேலை பார்த்த சூளையின் முதலாளியிடம் சொல்லி, லீவு முடியும்வரை அவரைச் சேர்த்துவிட்டேன்.

வெக்கை அவரை ஒன்றும் செய்யவில்லை.

"எஞ்சின் ரூமு இதுக்கு மேல வேவும் மச்சான். குளிக்கத் தண்ணி கிடையாது. நான் எந்திரிச்ச படுக்கையில இன்னொருத்தன் வந்து படுப்பான், சூடு ஆறாது."

"அப்ப எங்கக்காவ வுட அவன்தான் உங்களுக்கு நெருக்கம்."

"நாத்தத்துல ஆமா."

மெதுவாகத்தான் பேசுவார். எந்தக் கதவைத் தாண்டினாலும் திரும்பிச் சாத்திவிடுவார். ஓர் அறையில் தண்ணீர் புகுந்தால் அந்த அறையோடு போகட்டும் என்பது கப்பலில் விதி. வீட்டில் அக்கா இதைப் பார்த்துச் சிரித்தாள்.

சூளையில் சிரிக்க முடியவில்லை. இன்னும் சுடாத பச்சைக் கோப்பைகள் காயும் அறையின் கதவு திறந்தே இருக்க வேண்டும். ஒருநாள் சாயங்காலம் கடைசியாக வெளியே வந்தவர் மாமா. சாத்திவிட்டார். மழைக்கால ஈரம் உள்ளேயே நின்றது. காலையில் அவசரத்தில் அப்படியே சூளையில் அடுக்கினார்கள். உள்ளே படபடவென்று வெடித்தது. பாதிக்கு மேல் உடைசல்.

முதலாளி கத்தவில்லை. "போனது போவட்டும். இனிமே சாத்த மாட்டன்னு சொல்லுங்க, வேலையில இருங்க."

"அப்படிச் சொல்ல முடியாதுங்க," என்றார் மாமா. "நெனச்சுச் சாத்தல. கை சாத்துது. நாளைக்கும் சாத்தும்."

வழியில் கேட்டேன். "ஒரு பொய் சொன்னா என்னா மாமா?"

"கப்பல்ல ஒருத்தன் பொய் சொன்னா அத்தினி பேரும் சாவணும்."

வீட்டில் அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னார். அவள் அரிசி களைவதை நிறுத்தவில்லை.

"விசாகப்பட்டினத்துல குடும்பத்துக்கு வூடு குடுப்பாங்களா?"

"கேட்டா குடுப்பாங்க. ஆனா நான் பாதி நாளு இருக்க மாட்டேன். எங்க போறேன், எப்ப வருவேன்னு சொல்லவும் கூடாது."

"நான் இங்க இருந்தப்ப மட்டும் சொன்னீங்களா. நீட்டிக்கறதுக்குக் கையெழுத்துப் போடுங்க, நானும் வரேன்."

மாமா அவளிடமிருந்து குண்டானை வாங்கித் தண்ணீரை வடித்தார்.

"எனக்குத் தெலுங்கு வராதே," என்றாள் அக்கா.

"எனக்கு மட்டும் வருதா?"