ஆறு தடவையும் ஒரே பதில்

அவள் லிஃப்ட் மெக்கானிக். பிரெஞ்சில் ஒரு வார்த்தைகூடத் தெரியாது. ஆனாலும் ஒரு பிரெஞ்சுப் பாடகியின் ஆல்பத்தை, சுருக்காத ஒரிஜினல் ஃபைலாக, நான்கு மாதம் சல்லடை போட்டுத் தேடினாள். கேட்பவர்களிடம் அவள் சொல்லும் நியாயம் இதுதான். பாஷை தெரிந்தவர்களுக்கு வார்த்தை போதும், ஓட்டை ரேடியோவில்கூடக் கேட்டுக்கொள்வார்கள். தெரியாதவளுக்கு மிச்சம் இருப்பதே குரல்தானே? பாடகி மூச்சு இழுப்பது, உதடு ஒட்டிப் பிரிவது, கிதார் கம்பியில் விரல் உரசுவது. ஃபைலைச் சுருக்கும் எம்பி3 முதலில் கை வைப்பது இவற்றில்தான்.

கணவன் எக்ஸ்ரே எடுப்பவன். கண்ணால் பார்த்தால்தான் நம்புவான். ஹாலில் இடுப்புயரத்துக்கு நின்ற இரண்டு ஸ்பீக்கரும் அவன் கண்ணை உறுத்தின. அந்த இடத்தில் அவனுக்குச் சாப்பாட்டு மேசை போட வேண்டும்.

ஒரு வழியாக ஓர் இணையக் கடையில் ஒரிஜினல் கிடைத்தது. இறக்கி முடித்ததும் கணவன் பந்தயம் கட்டினான்.

"கண்ணைக் கட்டிக்கோ. உன்கிட்ட இருக்கிற பழைய எம்பி3யையும் இதையும் மாத்தி மாத்திப் போடறேன். ஆறு தடவை. ஒண்ணு தப்பினாலும் ஸ்பீக்கரை வித்துடணும்."

வீராப்பாகத் தலையாட்டிவிட்டாள்.

முதல் தடவை, "சுருக்கினது" என்றாள். இரண்டாவதும் அதுதான். மூன்றாவதும். ஒன்றையாவது ஒரிஜினல் என்று சொல்லித் தொலைக்கலாமா என்று நாக்கு நுனிவரை வந்தது. காதில் விழாததை எப்படிச் சொல்வது? ஆறு தடவையும் அதே பதிலைச் சொன்னாள்.

"மூணு தடவை புதுசைத்தான் போட்டேன். கோட்டை விட்டுட்டே." அவன் அப்போதே அளவு டேப்பை எடுத்துச் சுவரோரம் பிடித்தான்.

அவளுக்கு அழுகை முட்டியது. ஆனால் மோட்டார் சத்தத்தை வைத்தே எந்த பேரிங் போகப்போகிறது என்று சொல்கிற காது அது. அதைச் சந்தேகப்பட மனம் வரவில்லை. ஃபைலைத்தான் சந்தேகப்பட்டாள். ஒலியைப் படமாகக் காட்டும் மென்பொருளில் இரண்டையும் திறந்தாள். ஒரிஜினலாக இருந்தால் கோடுகள் உச்சிவரை ஏறியிருக்கும். இங்கே இரண்டிலும், எம்பி3 வெட்டுகிற பதினாறாயிரம் ஹெர்ட்ஸுக்கு மேலே, கத்தியால் வெட்டினாற்போல வெறும் இருட்டு.

"இங்க பாருங்க. எம்பி3யையே ஊதிப் பெருசாக்கி வித்திருக்கான். ஆறும் நான் சரியாத்தான் சொல்லியிருக்கேன்."

அவன் குனிந்து பார்த்தான். படம் பார்ப்பதே பிழைப்பாக இருப்பவன், இருட்டு தொடங்கும் இடத்தை இரண்டு படத்திலும் விரலால் தொட்டு ஒப்பிட்டான். அவளுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

டேப்பைச் சுருட்டிவிட்டு அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான்.

"அப்போ நெசமான ஒரிஜினல் எங்க கிடைக்கும்?" என்று கேட்டான்.